தெரியும் என்று சொன்னவள்

கடற்படையும் பொலிசும் சல்லி என்ற கடலோரக் கிராமத்தில் லதீசனின் வீட்டுக்கு வந்தபோது லதீசன் அங்கே இல்லை. அவனுடைய மனைவி நிஷாந்தினி முன்பள்ளிக்குப் புறப்பட்டுக்கொண்டிருந்தாள். ஊரிலே அவளை ரீச்சர் என்றுதான் கூப்பிடுவார்கள். மகள் தனுஷிகா வாசலில் இருந்து சப்பாத்துப் போட்டுக்கொண்டிருந்தாள்.

வீட்டுக்குள்ளே ஒன்றும் கிடைக்கவில்லை. பிறகு குசினிக்குப் பின்னால் அடுக்கியிருந்த விறகைக் கலைத்தார்கள். உள்ளே மூடியிட்ட பிளாஸ்ரிக் வாளி ஒன்று இருந்தது. அதற்குள் டைனமைட் குச்சிகளும் திரியும் இருந்தன.

"இது ஆருடையது?" என்று பொலிஸ்காரர் கேட்டார்.

"எனக்குத் தெரியாது, ஐயா."

"வீட்டில வேற ஆர் இருக்கிறது?"

அவள் வாசலில் இருந்த மகளைப் பார்த்தாள். பெண் கான்ஸ்டபிள் ஒருத்தி அவளைக் கையில் பிடித்து ஜீப்பில் ஏற்றினாள். பக்கத்து வளவில் இருந்த மாமியார் நல்லம்மா ஓடிவந்து பேத்தியைத் தூக்கிக்கொண்டாள். முன்பள்ளிக்குப் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போன தாய்மார் வேலியோரம் நின்று பார்த்தார்கள். அன்றே நீதவான் முன்னால் நிறுத்தி, வழக்கு முடியும்வரை அவளை விளக்கமறியல் சிறையில் வைத்தார்கள்.

லதீசன் சொந்தப் படகு வைத்திருந்தான். முந்தின வருடம் வரைக்கும் வலைதான் போட்டான். பிறகு கூட்டாளிகளோடு சேர்ந்து கடலில் டைனமைட் வீசி மீன் பிடிக்கத் தொடங்கினான். அவன் வாய் திறந்து சொல்லவில்லை. ஆனால் வெடிபட்ட மீனை வெட்டினால் உள்முள் நொறுங்கிக் கிடக்கும். மீன் வெட்டி வளர்ந்தவளுக்கு அது தெரியாமல் இருக்குமா? ஒருநாள் கூட்டும்போது கட்டிலுக்குக் கீழே அந்த வாளி தட்டுப்பட்டது. தனுஷிகா அந்தக் கட்டிலில்தான் படுப்பாள். நிஷாந்தினி வாளியைத் தூக்கிக்கொண்டுபோய் விறகுக்குள் வைத்தாள். அன்றிரவு இருவருக்கும் சண்டை. இனிமேல் வீட்டில் வைக்கமாட்டேன் என்று அவன் சத்தியம் பண்ணினான். வாளி மட்டும் விறகுக்குள்ளேயே இருந்தது.

சிறையில் பெண்கள் பகுதி சின்னது. முதல் சில நாட்கள் நிஷாந்தினிக்குச் சாப்பாடு இறங்கவில்லை. பக்கத்தில் பாய் போட்டிருந்தவள் றஹீமா, குறிஞ்சாக்கேணிக்காரி. அவள்தான் பிளேன்ரீயை வாங்கிக் கையில் வைத்து, "குடி புள்ள. பட்டினி கிடந்தா கேஸ் முடியாது" என்றாள்.

றஹீமாவின் வீட்டில் ஹெரோயின் பைக்கற்றுகள் பிடிபட்டிருந்தன. அவை அவளுடைய மகன் அர்ஷாக்கினுடையவை. பொலிஸ் வந்தபோது அவன் பின்கதவால் ஓடிவிட்டான். என்னுடையதுதான் என்று அவள் ஒப்புக்கொண்டாள்.

"மகன் பார்க்க வாறவரோ?" என்று நிஷாந்தினி கேட்டாள்.

"வரமாட்டான். வந்தா அவனையும் புடிச்சிருவாங்களே."

"பிறகு ஏன் நீங்கள் அப்படிச் சொன்னனீங்கள்?"

"மகனல்லவா? நாளைக்குக் கேட்டாலும் நான் எண்டுதான் சொல்லுவேன்." றஹீமா இதை அழாமல், தலைமயிரைச் சிக்கெடுத்துக்கொண்டே சொன்னாள். அதைக் கேட்ட நிஷாந்தினி, தனக்குள் எழுந்தது பரிதாபம் என்று முதலில் நினைத்தாள். பிறகு படுத்துக்கிடந்து யோசித்தபோதுதான் அது பயம் என்று விளங்கியது.

பார்வையாளர் நாளில் நல்லம்மா பேத்தியோடு வந்தாள். கம்பிவலைக்கு அந்தப்பக்கம் நின்ற பிள்ளை, "அம்மா, எப்ப வீட்ட வருவீங்க?" என்று திரும்பத் திரும்பக் கேட்டது. நல்லம்மா அதைத் தூர நிறுத்திவிட்டுக் கிட்ட வந்து குரலைத் தாழ்த்தினாள்.

"லதீசன் ஒரு இடத்தில இருக்கிறான். உன்னட்ட ஒரு விசயம் கேக்கச் சொன்னவன்."

"என்ன மாமி?"

"நீ குற்றத்தை ஒப்புக்கொள்ளு. நீ பொம்பிளை, பிள்ளைக்காரி, படிப்பிச்சுக் குடுக்கிறனீ. நீதவான் இரக்கப்படுவார். அவனைப் பிடிச்சா வருசக்கணக்கில உள்ளுக்குப் போட்டிடுவாங்கள். பிறகு குடும்பத்தை ஆர் பார்க்கிறது?"

"அவரே இப்படிச் சொன்னவர்?"

"ஓம். வேற ஆர் சொல்லுவினம்?"

நிஷாந்தினி கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். யோசித்துச் சொல்கிறேன் என்றாள். போகும்போது நல்லம்மா, "பிள்ளை என்னோடதான் இருக்கு, மறந்திடாதை" என்றாள். அது ஆறுதலா மிரட்டலா என்று அன்று முழுக்க அவளுக்குப் பிடிபடவில்லை.

அன்புவழிபுரத்தில் இருக்கும் அக்கா லோஜினி, சட்டத்தரணி ஒருவரைப் பிடித்து அனுப்பினாள். அவர் பெயர் நப்லா. இளம் பெண், வேகமாகக் கதைப்பார். கதிரையில் இருந்ததுமே கேட்டார்:

"வாளி அங்க இருந்தது உங்களுக்குத் தெரியுமா? என்னிடம் பொய் சொன்னால் என்னால ஒண்டும் செய்ய ஏலாது."

இந்தக் கேள்வியை அதுவரை எல்லாரும் தங்களுக்கு வேண்டிய பதிலை எதிர்பார்த்துத்தான் கேட்டிருந்தார்கள். பொலிஸ் "தெரியும்" என்பதை எதிர்பார்த்தது, மாமி "என்னுடையது" என்பதை எதிர்பார்த்தாள். நப்லா உண்மையிலேயே கேட்டார்.

"தெரியும். அவர் கட்டிலுக்குக் கீழ வச்சிருந்தவர். நான்தான் எடுத்து விறகுக்குள்ள வச்சனான்."

நப்லா அதைக் குறித்துக்கொண்டார். "கணவருடையது என்று சொல்லலாம். நீங்கள் கையால தொட்டதையும் சொன்னால் அது உங்களுக்கு எதிராகவும் வரும். விளங்குதா?"

"விளங்குது. ஆனா அதை விட்டிட்டுச் சொன்னா அது அரைப்பொய் எல்லோ? முதல் நாள் தெரியாது எண்டு சொன்னதே என்னை இரவில நித்திரை கொள்ள விடேல்ல."

"குற்றத்தை ஒப்புக்கொண்டால் சிலவேளை இலேசாக முடியும். ஆனால் தீர்ப்பு உங்கள் பெயரில இருக்கும். பிறகு பிள்ளைகளுக்குப் படிப்பிக்கிற வேலை கிடைக்காது."

"ஓம் மிஸ். அதைவிட, செய்யாததை ஏன் செய்தனான் எண்டு சொன்னனீங்கள் எண்டு என்ர பிள்ளை வளர்ந்து கேட்கும். நான் என்னத்தைச் சொல்லுறது?"

அடுத்த வழக்குத் தவணையில் நப்லா எழுந்து, தன் கட்சிக்காரி மேலதிக வாக்குமூலம் கொடுக்க விரும்புவதாகச் சொன்னார். நீதவான் அனுமதித்தார். நிஷாந்தினி எல்லாவற்றையும் சொன்னாள். கட்டிலைச் சொன்னாள், விறகைச் சொன்னாள், மீன்முள்ளைக்கூடச் சொன்னாள். லதீசன் எங்கே என்று பொலிஸ் கேட்டபோது மட்டும் தண்ணீர் வாங்கிக் குடித்தாள்.

"ஈச்சிலம்பற்றில அவருடைய பெரியம்மா வீடு இருக்கு. வேற இடத்துக்குப் போகமாட்டார்."

சொல்லி முடிந்ததும் அவளுக்குப் பாரம் இறங்கவில்லை. அப்படியே சிறைக்குத் திரும்பினாள்.

றஹீமாவுக்குச் செய்தி முன்னமே எட்டியிருந்தது. "புருசனைக் காட்டிக் குடுத்திட்டியாம்?" என்றாள்.

"உண்மையைச் சொன்னனான்."

அன்று றஹீமா தன் பாயைச் சற்றுத் தள்ளிப் போட்டாள். சில நாட்களுக்குப் பிறகு, எதுவும் நடக்காததுபோலத் திரும்பவும் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டாள். நல்லம்மாவோ அதற்குப் பிறகு வரவேயில்லை. பிள்ளையையும் யாரும் கூட்டிவரவில்லை.

லதீசனை வயல்வெளியோடு இருந்த அந்தப் பெரியம்மா வீட்டில் பிடித்தார்கள். வழக்கு நாளில் நீதிமன்றக் கூண்டில் இருவரையும் கம்பிக்கு இந்தப்புறமும் அந்தப்புறமுமாக வைத்திருந்தார்கள். அவன் தாடி வளர்த்து மெலிந்திருந்தான்.

"ஓம் எண்டு சொல்லிப்போட்டு ஏன் மாத்தினனீ?" என்று கேட்டான்.

"நான் எப்ப ஓம் எண்டு சொன்னனான்?"

"நீயாத்தான் பொறுப்பெடுக்கிறாய் எண்டு அம்மா சொன்னவ. பிள்ளைக்கு அப்பா வெளியில இருக்கிறது நல்லம் எண்டு நீ சொன்னதாம்."

நிஷாந்தினி அவனை நிமிர்ந்து பார்த்தாள். "நீங்கள்தான் என்னை ஒப்புக்கொள்ளச் சொன்னனீங்கள் எண்டு மாமி என்னட்டச் சொன்னவ."

"நான் அப்படிச் சொல்லேல்ல."

"சரி. அம்மா வந்து சொன்ன உடன, உண்மையோ எண்டு ஒருக்கா என்னட்டக் கேக்கோணும் எண்டு உங்களுக்குத் தோணேல்லையா?"

"தோணினது," என்றான். "கேட்டா நீ இல்லை எண்டு சொல்லிடுவாய் எண்டு பயம்."

"எனக்கும் பயமாத்தான் இருந்தது, லதீசன்." அவள் அவனை அதுவரை பெயர் சொல்லி அழைத்ததில்லை. அவனும் அதைக் கவனித்தான்.

உள்ளே கூப்பிட்டபோது லதீசன், பொருள் தன்னுடையது என்றும், மனைவி பிள்ளைக்காகத்தான் அதை வெளியே எடுத்து வைத்தாள் என்றும், அவளுக்கு அந்தத் தொழிலில் பங்கில்லை என்றும் சொன்னான். யாரும் அவனைக் கட்டாயப்படுத்தவில்லை. நப்லாவே எதிர்பார்க்கவில்லை. நிஷாந்தினிக்குப் பிணை கிடைத்தது. சில தவணைகளுக்குப் பிறகு அவள் மீதான வழக்கு கைவிடப்பட்டது. லதீசனுக்குச் சிறைத்தண்டனை.

பிணையில் வந்த அன்று அவள் அக்கா வீட்டுக்குப் போகவில்லை. நேரே சல்லிக்குப் போனாள். நல்லம்மா முற்றத்தில் கருவாடு காயவைத்துக்கொண்டிருந்தாள். அவளைக் கண்டும் எழும்பவில்லை.

"பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போக வந்தனான்."

"என்ர மகனைக் குடுத்திட்டு மகளைக் கேக்கிறியோ?"

"ஓம் மாமி."

இந்தப் பதிலை நல்லம்மா எதிர்பார்க்கவில்லை. அதற்குள் தனுஷிகா உள்ளேயிருந்து ஓடிவந்து தாயின் இடுப்பைக் கட்டிக்கொண்டது. நல்லம்மா கருவாட்டைத் திருப்பிப் போட்டபடியே, "அவளின்ர உடுப்பு அலுமாரியில கிடக்கு" என்றாள்.

முன்பள்ளியில் அவளைத் திரும்ப எடுக்கவில்லை. வழக்கு விட்டுப்போனது சரி, பெற்றோர் விரும்பவில்லை என்றார்கள். யார் யார் என்று அவள் கேட்கவில்லை, ஊகிக்க முடிந்தது. மகளோடு அன்புவழிபுரத்தில் அக்கா வீட்டில் இருந்துகொண்டு, நிலாவெளியில் ஒரு சுற்றுலா விடுதியில் அறைகள் துப்புரவாக்கும் வேலைக்குப் போகத் தொடங்கினாள். பின்நேரங்களில் அக்காவின் அயல்வீட்டுப் பிள்ளைகள் இரண்டொருவர் எழுத்துப் பழக வந்தார்கள். அந்தத் தாய்மாருக்கு அவளுடைய கதை முழுக்கத் தெரியும்.

லதீசனைப் பார்க்கப் போவதா என்று பலநாள் யோசித்தாள். கோபம் போய்விடவில்லை. ஆனாலும் கடைசியில் அவன் நீதிமன்றத்தில் நின்று சொன்னதும் அவளுக்கு மறக்கவில்லை. விடுமுறை நாளொன்றில் சவர்க்காரமும் பிஸ்கற்றும் வாங்கிக்கொண்டு சிறைக்குப் போனாள். வரிசையில் அவளுக்கு முன்னால் நல்லம்மா நின்றாள், கையில் சோற்றுப் பார்சல்.

வெயில் ஏறியது. வரிசை நகரவில்லை. நல்லம்மாவுக்குக் கால் வீங்கியிருந்தது, ஒரு காலிலிருந்து மறுகாலுக்கு மாறி மாறி நின்றாள். நிஷாந்தினி மதிலோரம் கிடந்த ஒரு கல்லைக் காட்டி, "இருங்கோ மாமி, உங்கட இடத்தை நான் பார்க்கிறன்" என்றாள்.

நல்லம்மா போய் இருந்தாள். கொஞ்ச நேரம் கழித்து அங்கிருந்தே கேட்டாள்:

"பிள்ளை சாப்பிடுதோ?"

"சாப்பிடுது. பள்ளிக்கூடமும் போகுது."

"ஒருக்காப் பார்க்கலாமோ?"

நிஷாந்தினி அவளைத் திரும்பிப் பார்த்தாள். கேட்காமலே தன் பெயரில் பொய் சொன்ன பெண் இவள். இந்த மூதாட்டியிடம்தான் பிள்ளை அத்தனை நாளும் பசியில்லாமல் இருந்தது என்பதும் உண்மை.

"சனிக்கிழமை வாங்கோ. பின்னேரம் நான் வீட்டில நிப்பன்" என்றாள். "தனியக் கூட்டிக்கொண்டு போக மட்டும் விடமாட்டன். இப்ப இல்லை."

நல்லம்மா தலையை ஆட்டினாள். கதவு திறந்தது. நிஷாந்தினி கூப்பிட, அவள் எழும்பி வந்து தன் இடத்தில் நின்றுகொண்டாள்.