வளையத்துக்கு அப்பால்

மார்ச் 14, செவ்வாய். இன்று வகுப்பில் ஒரு தவறு செய்தேன். மூளைக்கு அடியில் இருக்கும் தமனி வளையத்தை வரையச் சொன்னார்கள். இடப்பக்கத்து இணைப்புத் தமனியை விட்டுவிட்டேன். வளையம் மூடாமல் வாய் பிளந்து நின்றது. வீட்டில் வரைந்து பார்த்துவிட்டுப் போயும் இப்படி. கவனம் போதாது.

வகுப்பு முடிந்து பஸ்ஸுக்குக் காத்திருந்தபோது, வீட்டின் கடைக்குட்டியான சின்னவள் டைரியில் இதை எழுதினாள். அதற்கு மேல் பேனா ஓடவில்லை. எழுத வேண்டியது இன்னொன்று இருந்தது. அது சின்னத் தவறு இல்லை.

பகலில் அவளுக்கு மருந்துக் கடையில் பில் போடும் வேலை. மாலையில் ஸ்கேன் மைய உதவியாளர் படிப்பு. படிப்பில் சேர்ந்து புத்தகத்துக்கு அட்டை போட்ட ஈரம்கூடக் காயவில்லை, அதற்குள் அண்ணன் விழுந்தான். குளிர்கிடங்கில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறவன். வண்டியை ஒழுங்காக நிறுத்திவிட்டுத்தான் இறங்கினான். இறங்கிய கால் நிற்கவில்லை. மூளையின் இடப்பக்கத்துக்குப் போகும் நடுத்தமனியில் அடைப்பு. குளிருக்குத்தான் மயக்கம் என்று நினைத்து அவனைப் படுக்கவைத்துப் போர்த்திவிட்டிருந்தார்கள். ஆஸ்பத்திரிக்கு வந்து சேர்ந்தபோது அடைப்பைக் கரைக்கும் மருந்து போடும் நேரம் தாண்டிவிட்டது. வலக் கையும் வலக் காலும் போயின. பேச்சில் மிஞ்சியது ஒரே ஒரு சொல். பசிக்கிறதா என்றாலும் "ஆமா", பசிக்கவில்லையா என்றாலும் "ஆமா".

அண்ணனை வீட்டுக்குக் கொண்டுவந்த வாரத்தில்தான் வகுப்பில் மூளையின் ரத்த ஓட்டப் பாடம் தொடங்கியது. முதல் பக்கம் படித்த சூட்டிலேயே அவள் வீட்டுக்கு ஓடிவந்து அப்பாவிடம் சொன்னாள்.

"கழுத்துல முன்னாடி ரெண்டு குழாய், பின்னாடி ரெண்டு குழாய்ப்பா. நாலும் மேல போய் ஒரு வளையமா சேருது. ஒண்ணு அடைச்சாலும் மத்ததுலேருந்து ரத்தம் சுத்தி வந்துடும்."

அப்பா பிளம்பர். கையிலிருந்த ஸ்பேனரைக் கீழே வைத்துவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். ஆஸ்பத்திரியில் யார் சொன்னதும் புரியாமல் திருவிழாவில் தொலைந்தவர் போல் நின்ற மனுஷர், வீட்டில் முதல்முறையாகச் சிரித்தார்.

"அட, நம்ம லூப் லைனு. ஒரு பக்கம் வால்வை மூடினாலும் மறுபக்கத்துலேருந்து தண்ணி வரும். இதை அந்த டாக்டர் வாயைத் திறந்து சொன்னா முத்தா உதிர்ந்துடும்?"

அன்றிலிருந்து அவருக்கு அதே பேச்சு. காலையில் எழுந்ததும் அண்ணனின் கட்டிலுக்குத் தலைமாட்டில் ஒரு செங்கல்லை முட்டுக் கொடுப்பார், சற்று நேரம் கழித்து எடுப்பார். பிரஷர் சரிபார்க்கிறாராம். எதிர்வீட்டுத் தையல்காரர் தினமும் வாசலில் நின்று, "என்ன பிளம்பரே, லைன் கிளியர் ஆச்சா?" என்பார். "ரத்தம் என்ன மோட்டார் போட்டா வருது? மெதுவாத்தான் வரும்," என்று அப்பா சொல்வார். கேலியாகத் தொடங்கியதைத் தையல்காரரே போகப்போக நம்பிவிட்டார். அண்ணிதான் நம்பவும் முடியாமல் விடவும் முடியாமல் இருந்தாள். அவளுக்கு ஒரு கெடு இருந்தது.

கிடங்கிலிருந்து சொல்லியனுப்பியிருந்தார்கள். அண்ணன் வேலையிலிருந்து விலகுவதாக எழுதிக் கொடுத்தால் அண்ணிக்குப் பேக்கிங் பிரிவில் நிரந்தர வேலை. எழுதிக் கொடுக்காவிட்டால் விடுப்பு தீர்ந்ததும் அவன் பெயரை அடித்துவிடுவார்கள், அவளுக்கும் ஒன்றும் கிடைக்காது. வியாழக்கிழமைக்குள் பதில் வேண்டும். அப்பா ஒரே பிடியாக நின்றார். டிரைவர் சீட்டைக் கொடுத்துவிட்டு அட்டைப்பெட்டி மடிக்கப் போவதா, பையன் எழுந்து வந்து எங்கே உட்காருவான் என்று கேட்டார்.

அந்த நிலையில்தான் செவ்வாய் வகுப்பு. மூடாத வளையத்தைப் பார்த்த ஆசிரியை திட்டவில்லை.

"இதை முழுத் தப்புன்னு சொல்ல முடியாதும்மா. நீ வரைஞ்ச மாதிரி மண்டைங்க ஊர்ல நிறைய நடமாடுது. பலபேருக்கு இந்த இணைப்பு நூல் மாதிரிதான் இருக்கும். சிலருக்கு இருக்கவே இருக்காது."

வகுப்பு சிரித்தது. சின்னவள் சிரிக்கவில்லை. "வளையம் முழுசா இருந்தா, நடுத்தமனி அடைச்சாலும் ரத்தம் வந்துடும்ல மேடம்?"

ஆசிரியை அவள் படத்திலேயே பேனாவை வைத்துக் காட்டினார். "நடுத்தமனி வளையத்தை விட்டு வெளியே போற கிளை. வளையம் இதோட முடிஞ்சுது. இதைத் தாண்டி அடைச்சா வளையம் இருந்தாலும் ஒண்ணுதான், இல்லாட்டியும் ஒண்ணுதான். பக்கத்துக் கிளைங்க நுனியில கொஞ்சம் தாங்கும், அதுவும் சில மணி நேரம். செத்த இடத்துக்கு அப்புறம் ரத்தம் வந்து என்ன பண்ண? ஏன், யாருக்காவது...?"

"சும்மாதான் மேடம்."

புத்தகத்தைப் புரட்டினாள். அடுத்த பக்கத்திலேயே இருந்தது. முதல் பக்கத்தில் பாதி வரிகளுக்கு அடிக்கோடு போட்டிருந்தாள். அந்தப் பக்கத்தைத் திருப்பிப் பார்க்காமல்தான் அன்று வீட்டுக்கு ஓடியிருந்தாள்.

புதன்கிழமை அவளுக்குக் கடை விடுமுறை. காலையெல்லாம் எப்படிச் சொல்வது என்று மனதுக்குள் வரிசைப்படுத்திப் பார்த்தாள். முதலில் மன்னிப்பா, முதலில் விஷயமா? துணி துவைத்தாள். துவைத்ததையே மறுபடி அலசினாள். மதியம் சாப்பாடானதும், கேட்காமலே அப்பா ஆரம்பித்தார்.

"பாப்பா, உங்க அண்ணி காலையிலேருந்து கிடங்குல கொடுத்த அந்த விலகல் காகிதத்தையே பாத்துக்கிட்டிருக்கா. அந்த வளையத்தை அவளுக்கு இன்னொரு தடவை விளக்கமா சொல்லும்மா."

"ஆமா பாப்பா, நீ சொல்லு," என்றாள் அண்ணி. "படிக்கிறவ நீதான். சரியாகும்னு நீ சொன்னா இதைக் கிழிச்சுப் போட்டுடறேன்."

இருப்பது ஒரே அறை. கட்டிலில் அண்ணன் விழித்துத்தான் இருந்தான். வெளியே போய்ப் பேசலாம் என்று சொன்னாலே அவனுக்குப் புரிந்துவிடும்.

"அப்பா, நான் அன்னிக்கு அரைகுறையா சொல்லிட்டேன்," என்றாள் சின்னவள். "வளையம் இருக்கு. ஆனா அண்ணனுக்கு அடைச்சது வளையத்துல இல்ல. அதைத் தாண்டிப் போற கிளையில. தெரு லைன்ல எந்தப் பக்கத்துலேருந்து தண்ணி வந்தா என்னப்பா, வீட்டுக்குள்ள போற குழாய் அடைச்சிருந்தா?"

அப்பா விரலால் தரையில் ஒரு வட்டம் போட்டார். அதிலிருந்து வெளியே ஒரு கோடு இழுத்தார். கோட்டின் நடுவில் விரல் நின்றது.

"சரி. அந்தக் குழாயைச் சுத்திப் புதுசா ஒரு கனெக்‌ஷன் கொடுத்தா?"

"கொடுத்தாலும் அந்தப் பக்கம் தண்ணி குடிக்க ஆள் இல்லப்பா. அந்த இடம் அன்னிக்கே செத்துடுச்சு. கையும் காலும் பயிற்சியில கொஞ்சம் வரலாம். வண்டி ஓட்டுற அளவுக்கு வராது. பேச்சும்..."

"நிறுத்து." அப்பா எழுந்தார். "இவளுக்கு என்ன தெரியும், அவனையே கேப்போம். டேய், உனக்குச் சரியாயிடும்லடா?"

"ஆமா," என்றான் அண்ணன்.

அப்பா எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்தார். அண்ணி கட்டிலருகே போய் உட்கார்ந்து அவன் நெற்றியைத் துடைத்தாள். இத்தனை நாள் வீட்டில் எல்லோரும் தவிர்த்து வந்த கேள்வியைச் சாதாரணமாகக் கேட்டாள்.

"உங்களுக்கு இனிமே சரியாகாதுல்ல?"

"ஆமா."

அதே குரல், அதே வேகம். சொல்லிவிட்டு அவன் வாயை மூடிக்கொண்டான். ஒரு கண்ணிலிருந்து மட்டும் நீர் காதுவரை இறங்கியது. அது கண்ணீரா, மூடாத இமையில் ஊறும் நீரா என்று சின்னவளுக்குத் தெரியவில்லை. அதைப் பற்றியும் பாடத்தில் ஏதோ படித்திருந்தாள். நினைவுக்கு வரவில்லை.

அப்பா அவள் பக்கம் திரும்பினார். கத்தவில்லை. "படிக்கிறதை முழுசா படிச்சுட்டு வந்து சொல்லக் கூடாதாம்மா?" என்றார். செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போனார். எதிர்வீட்டில் தையல் மெஷின் ஓசை நின்றது.

"என்ன பிளம்பரே, லைன் எப்படி?"

"போயிட்டிருக்கு," என்றது அப்பாவின் குரல்.

அண்ணி மைப்பெட்டியைத் திறந்தாள். அண்ணன் இடக் கையை நீட்டவில்லை, இழுத்துக்கொள்ளவும் இல்லை. அவளே கட்டைவிரலைப் பிடித்து மையில் தொட்டு, காகிதத்தில் அழுத்தினாள். ரேகை சற்றுக் கோணலாக விழுந்தது. பிறகு துணியால் அந்த விரலை நெடுநேரம் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"இன்னும் ரெண்டு வாரம் பொறுக்கலாம்னு நீ சொல்லியிருந்தா பொறுத்திருப்பேன் பாப்பா."

"தெரியும் அண்ணி."

"சொல்லாம விட்டிருந்தா உன்னை மன்னிச்சிருக்க மாட்டேன்." மைத் துணியை மடித்தாள். "இப்பவும் மன்னிச்சேனான்னு தெரியல."

சாயங்காலம் அப்பா திரும்பி வந்தார். வழக்கமாக அண்ணனுக்கு ஊட்டிவிடும் கஞ்சியை ஊட்டினார். "இன்னும் ஒரு வாய்" என்றார், "ஆமா" என்றான் அவன், வாய் திறக்கவில்லை. அண்ணி பரண்மேலிருந்து பையை இறக்கினாள். சின்னவள் அண்ணனின் சீருடைகளை மடித்து அடுக்கினாள். குளிருக்கான கனத்த கோட்டு மடியவில்லை, அதை மேலாக வைத்தாள்.

நாளை காலை, கடைக்குப் போகுமுன், அண்ணியோடு கிடங்குக்குப் போக வேண்டும். காகிதத்தையும் அடையாள அட்டையையும் சூப்பர்வைசரிடம் கொடுக்க வேண்டும். சீருடையையும் கோட்டையும் ஸ்டோரில் ஒப்படைக்க வேண்டும். லாக்கரில் இருப்பதை எடுத்து வர வேண்டும்.