சொலான்ஜ் என்று கூப்பிட்டால்

பதினெட்டு. இவள் பதினெட்டோடு நின்றுவிட்டாள். எனக்குப் போன ஆனியில் இருபது முடிந்துவிட்டது. அப்படியென்றால் இனி இவள் எனக்குத் தங்கையா? வருஷா வருஷம் விழுந்து கும்பிட்ட சாமி ஒருத்திக்குத் தங்கையாக முடியுமா?

அவள் கையிலிருந்த போட்டோவில் ஒரு பெண் ஐஸ்கிரீம் தின்றுகொண்டிருந்தாள். ஜீன்ஸ் போட்டிருந்தாள். மூக்கின் மேல் கேழ்வரகைத் தூவிவிட்டதுபோலப் புள்ளிகள். முன்பற்கள் இரண்டுக்கும் நடுவே ஒரு சந்து. போட்டோவின் பின்பக்கம் நீல மையில் எழுதியிருந்த பெயரும், அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தவளின் பெயரும் ஒன்றுதான். சொலான்ஜ்.

வைத்திக்குப்பத்தில் அந்தப் பெயரை யாரும் ஒழுங்காகச் சொன்னதில்லை. தெருவுக்கு அவள் சோலாஞ்சி, வீட்டுக்குச் சோலை. பள்ளிக்கூடத்தில் "நீ கிறிஸ்டியனா?" என்று கேட்டால், "இல்ல, எங்க வீட்டு சாமி பேரு" என்பாள். பொய்யாகச் சொல்லவில்லை. அவளுக்கு அப்படித்தான் சொல்லியிருந்தார்கள்.

சுனாமியில் அவள் அப்பா காசிலிங்கத்தின் கட்டுமரமும் வலையும் போயின. மூன்று மாதம் கழித்துப் பிரான்சிலிருந்து ஒரு சங்கம் வந்து சிலருக்கு ஃபைபர் படகு கொடுத்தது. காசிலிங்கத்துக்குக் கிடைத்த படகு மதாம் ஜினேத் என்பவர் கொடுத்தது. கல்யாணம் ஆகாமலே விபத்தில் போய்விட்ட தன் மகளின் பெயரைப் படகில் எழுதவேண்டும், அவ்வளவுதான் என்றார் அந்த அம்மாள். அந்தம்மாளுக்கு அது ஒரு நினைவுக் கல் மாதிரி. காசிலிங்கம் அதைத் தனக்குத் தெரிந்த விதத்தில் எடுத்துக்கொண்டார். கல்யாணம் ஆகாமல் செத்த பெண் வேறு யார்? கன்னி. கன்னியின் பேரால் வந்த படகைக் கன்னிதான் காக்கவேண்டும். அவளை மறந்தால் அவளே கவிழ்ப்பாள். அவள் மறக்கப்படாமல் இருக்க வீட்டில் ஒரு பெண்பிள்ளைக்கு அவள் பேரை வைக்கவேண்டும். அந்த வருஷம் ஆனியில் பெண்பிள்ளை பிறந்தது.

படகு அழிந்து, வேறு படகு வந்து, இப்போது ஓடுவது மூன்றாவது. பெயர் மட்டும் மாறவில்லை. மாசி மகத்துக்கு ஊர் ஊராகச் சாமிகள் கடலாட வரும் நாளில், விடிவதற்கு முன்பே, காசிலிங்கத்தின் படகு மூக்குக்கு மஞ்சள் பூசி, புதுப் பாவாடை சட்டை சாத்தி, கண்ணாடி வளையலும் மல்லிகையும் வைத்துப் பொங்கலிடுவார்கள். படையல் முடிந்ததும் அந்தப் பாவாடை சோலைக்கு. சின்ன வயதில் அதைக் கட்டிக்கொண்டு கரையில் ஓடும்போது, சாமியின் துணி காலில் தட்டுகிறது என்று அவளுக்குள் ஒரு பெருமை இருக்கும். அந்தச் சாமியின் முகத்தை அவள் சிவப்பாக, பெரிய கண்ணோடு, மூக்குத்தி போட்டு நினைத்து வைத்திருந்தாள். ஐஸ்கிரீம் தின்னும் என்று நினைக்கவில்லை.

மதாம் ஜினேத் இருபது வருஷம் கழித்து, அந்தப் போட்டோவோடு வந்திருந்தார். எழுபத்தாறு வயது. பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார இரண்டு பேர் பிடிக்கவேண்டியிருந்தது. அன்றைக்கு மொழிபெயர்த்த கோபிநாத்தே இன்றைக்கும் கூட வந்திருந்தார். அவர் அப்பா பிரெஞ்சு ராணுவத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக, இருந்தவர். மகனுக்கு வந்து சேர்ந்தது அந்த மொழி ஒன்றுதான் என்று அவரே சொல்லிச் சிரிப்பார்.

மதாமின் கண் மாடத்தில் போய் நின்றது. மஞ்சள் பூசிய சொம்பு, பக்கத்தில் மடித்து வைத்த பச்சைப் பாவாடை. அது என்ன என்று கேட்டார்.

"அதுதான் அவங்க பொண்ணுன்னு சொல்லுங்க கோபி சாரு" என்றாள் வரலட்சுமி, சோலையின் அம்மா. "வருஷம் தவறாம படைக்கிறோம், ஒரு கொற வச்சதில்லன்னு சொல்லுங்க."

கோபிநாத் சொல்லச் சொல்ல மதாமின் முகத்தில் சிரிப்பு வந்தது. பிறகு அது எங்கே போவதென்று தெரியாமல் அப்படியே நின்றது. கோபிநாத்தின் தோளைப் பிடித்து எழுந்து போய்ப் பாவாடையின் ஓரத்தை இரண்டு விரலால் பிடித்துப் பார்த்தார், துணிக்கடையில் பார்ப்பதுபோல. திரும்பி வந்து சோலையின் கையைப் பற்றிக்கொண்டு நிறையப் பேசினார். கோபிநாத் தொண்டையைச் செருமினார்.

"அவங்க வூட்டுக்காரரு ஒரு ஹோம்ல இருக்காராம். ஞாபகம் போயிடுச்சு. பொண்ணு செத்ததே தெரியாது. தெனம் சாயங்காலம் கேட்டாண்ட போய் நின்னுக்கினு, சொலான்ஜ் எங்க, இன்னும் வரலியான்னு கேக்கறாராம். இவங்க சொலான்ஜ்னு கூப்புடுவாங்களாம், நீ உள்ளேர்ந்து 'உய், மமான்'னு சொல்லணும். அதாவது, தோ வரேம்மான்னு. போன்ல புடிச்சுக்கினு போய் அவருக்குப் போட்டுக் காட்டணுமாம். நாளைக்கு நாலு மணிக்கு, அவங்க தங்கியிருக்கற எடத்துக்கு வர முடியுமான்னு கேக்கறாங்க."

"ரெண்டே வார்த்ததானே, ஏன் வரமாட்டா?" என்று வரலட்சுமி முந்திக்கொண்டாள்.

சோலை தலையை ஆட்டினாள். எப்படி ஆட்டினாள் என்று அவளுக்கே தெரியவில்லை.

அவர்கள் போனதும் காசிலிங்கம் வலையை மடியில் போட்டுக்கொண்டு, யாருக்கோ சொல்வதுபோலச் சொன்னார். "கன்னியா நின்னவ. அவ பேரச் சொல்லி நாம பேசக்கூடாது. அவளா வந்து நம்ம வாயில பேசணும்."

"ஆமா, பேசுனா!" என்றாள் வரலட்சுமி. "இருவது வருஷமா யாரு மேலயாச்சும் ஒரு தடவ வந்தாளா? வந்து பிரெஞ்சுல பேசிட்டா என்னா பண்றதுன்னு நீதான் பயந்துக்கினு இருந்த."

"வாய மூடு."

"நான் ஏன் மூடணும்? ஒரு பெரிய மனுசன் கேட்டாண்ட நின்னு பெத்த பொண்ணத் தேடிக்கினு இருக்கான். அவங்க குடுத்த படகுல சோறு தின்னவ இவ. ரெண்டு வார்த்த சொன்னா நாக்கு தேஞ்சா பூடும்?" அவள் மகள் பக்கம் திரும்பினாள். "ஏன்டீ, நீ என்னா சொல்ற?"

"தெரியலம்மா."

"இதுல தெரியறதுக்கு என்னா இருக்கு?"

அதுதான் சோலைக்கும் புரியவில்லை. பாவம் என்று இருந்தது. செய்யவேண்டும் என்றும் இருந்தது. ஆனால் அந்த இரண்டு வார்த்தையை மனத்துக்குள் சொல்லிப் பார்த்தபோதெல்லாம், யாருடைய வீட்டுக் கதவையோ தட்டாமல் திறப்பது போலிருந்தது. யாருடைய வீடு? பேர் என்னுடையதுதானே. பிறப்புச் சான்றிதழில் இருக்கிறது, ஆதாரில் இருக்கிறது. இரவல் வாங்கிய பேரை ஆதாரில் போடுவார்களா?

மறுநாள் காலை முத்தியால்பேட்டையில் அவள் வேலை பார்க்கும் ரத்தப் பரிசோதனை நிலையத்தில் கூட்டம். சீட்டைப் பார்த்துப் பெயரைக் கூப்பிட்டு, ஊசி போட்டு ரத்தம் எடுப்பது அவள் வேலை. "நிர்மலாதேவி" என்றாள். இரண்டு பெண்கள் எழுந்தார்கள். ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டு இருவருமே மறுபடி உட்காரப் போனார்கள்.

"வயசு சொல்லுங்க" என்றாள் சோலை.

"நாப்பத்தி ஒண்ணு."

"எனக்கும் நாப்பத்தி ஒண்ணுதாம்மா."

"வூட்டுக்காரர் பேரு?"

"இராமதாஸ்."

"நல்லவேள, எனக்கு அரிகிருஷ்ணன்" என்றாள் மற்றவள். "அதுவும் ஒண்ணா இருந்திருந்தா இன்னிக்குப் பெரிய சண்ட ஆகியிருக்கும்."

அறையே சிரித்தது. சோலையும் சிரித்தாள். சீட்டில் ஒட்டவேண்டிய எண்ணை மூன்று தடவை சரிபார்த்தாள்.

கூட்டம் குறைந்ததும் போனில் தன் பெயரைத் தேடினாள். பத்தாவது படிக்கும்போது தேடியது, அதற்குப் பிறகு இன்றுதான். ஒரு பக்கம், சூரியனும் தேவதையும் சேர்ந்த பெயர் என்றது. இன்னொரு பக்கம் அது தப்பு என்றது. லத்தீனில் வருஷந்தோறும் தவறாமல் செய்யும் சடங்கைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்ததாம். மூன்றாவது பக்கத்தில் ஒரு கதை இருந்தது. ஆயிரத்து நூறு வருஷத்துக்கு முன் கடலே இல்லாத ஒரு சீமையில் ஆடு மேய்த்த பெண். சின்ன வயதில், கல்யாணம் ஆகாமல், ஒருவன் கையால் செத்தாள். மழை பெய்யாதபோது அந்த ஊர்க்காரர்கள் அவள் பெயரைச் சொல்லி ஊர்வலம் போவார்களாம்.

அங்கேயும் அப்படித்தானா? அங்கேயும் செத்த பெண்ணைத்தான் சாமியாக்கியிருக்கிறார்கள். அப்பாவுக்கு இது தெரியாது. தெரியாமலே அவர் செய்தது சரியாக வந்திருக்கிறதா, அல்லது எல்லா ஊரிலும் ஒரே தப்பைச் செய்கிறார்களா? ஆடு மேய்த்தவளின் பேர் ஐஸ்கிரீம் தின்றவளுக்கு, அவள் பேர் படகுக்கு, படகின் பேர் தனக்கு. இந்த வரிசையில் பேருக்குச் சொந்தக்காரி யார் என்று கேட்டால் யாரைக் கைகாட்டுவது? அவள் போனைக் கவிழ்த்து வைத்தாள்.

நாலு மணிக்குத் துய்மா வீதியில் அந்த விடுதிக்குப் போனாள். அம்மா காலையிலேயே இரண்டு முழம் மல்லிகையைத் தலையில் வைத்து அனுப்பியிருந்தாள். மாடியறையில் மதாம் காத்திருந்தார். போனை மேசைமேல் ஒரு தம்ளரில் சாய்த்து நிறுத்தியிருந்தார். கோபிநாத் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார்.

"அந்தப் பேர ஏன் வச்சாங்கன்னு கேளுங்க சார்" என்றாள் சோலை.

மதாம் சொன்னதைக் கேட்டுக் கோபிநாத்துக்கே சிரிப்பு வந்துவிட்டது. "வூட்டுக்காரரோட பாட்டி பேராம். அப்பவே அது பழைய பேராம், யாரும் வைக்கமாட்டாங்களாம். பொண்ணுக்குச் சுத்தமா புடிக்காதாம். பதினெட்டு ஆனதும் மொத வேலையா பேர மாத்திக்கப் போறேன்னு சண்ட போட்டுக்கினே இருந்துதாம். ஜூலின்னு வச்சுக்கப் போறேன்னு. பதினெட்டும் ஆச்சு, மாத்தறதுக்குள்ள…"

வேண்டாம் என்று சொன்னாளா? இருபது வருஷமாக அவளுக்குப் பிடிக்காத பேரைச் சொல்லியே பொங்கல் வைத்திருக்கிறோமா? சோலைக்கு முதல்முறையாக அந்தப் பெண்ணைப் பிடித்துப்போனது. சாமி என்று அல்ல, கூடப் படித்தவள் மாதிரி.

மதாம் போனில் பதிவைத் தட்டிவிட்டு, மெதுவாக நடந்து அறைக்கு வெளியே, மாடிப்படியின் மேல் போய் நின்றார். சமையல் முடிந்ததும் வீட்டில், கீழே படியடியில் நின்று, அப்படித்தான் கூப்பிடுவாராம். பிறகு கூப்பிட்டார்.

"சொலாஆன்ஜ்!"

பெயரின் கடைசிப் பாதி மேலே எழுந்து, அங்கேயே தொங்கியது. இத்தனை வருஷத்தில் யாரும் அவளை அப்படிக் கூப்பிட்டதில்லை. அது கோபமும் இல்லை, கொஞ்சலும் இல்லை. ஆறிப்போவதற்குள் வா என்று ஒரு அம்மா தினமும் கூப்பிடும் குரல். சோலையின் உடம்பு நாற்காலியிலிருந்து பாதி எழுந்துவிட்டது. வாய் திறந்துவிட்டது. உய் என்ற ஒலி நாக்கில் வந்து நின்றதை அவள் உணர்ந்தாள். இப்போது சொன்னால் சொல்வது யார்? நான் சொன்னால் அது பொய். அவள் சொன்னால், அவள் சொன்னபின் நான் எங்கே போய் நிற்பேன்?

அவள் உட்கார்ந்தாள்.

மதாம் கதவுக்கு வந்து எட்டிப் பார்த்தார்.

"சார், ஒண்ணு கேளுங்க" என்றாள் சோலை. "நெஜமா கூப்புடும்போது அந்தப் பொண்ணு என்னா சொல்லும்?"

கோபிநாத் கேட்டார். மதாம் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு யோசித்தார். சொல்லும்போது உதடு கோணியது.

"ஒண்ணும் சொல்லாதாம். மூணு தடவ, நாலு தடவ கூப்புடணுமாம். பாட்டு கேட்டுக்கினே இருக்குமாம், கடேசில கோவமா எறங்கி வருமாம்."

மதாம் சிரிக்கத்தான் பார்த்தார். முடியவில்லை. வந்து கட்டிலில் உட்கார்ந்து, கைக்குட்டையை எடுக்காமல் உள்ளங்கையாலேயே முகத்தைத் துடைத்துக்கொண்டார். சோலை போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தாள். அந்த அம்மாளின் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். நரம்பு மேலே தெரியும் கை. கையை மட்டும் வைத்துக்கொள்ள அவளுக்கு ஒரு தடையும் இல்லாததும், அந்த இரண்டு வார்த்தைக்கு மட்டும் இவ்வளவு தடை இருப்பதும் ஏனென்று அவளுக்கு விளங்கவில்லை.

சற்றுப் பொறுத்து மதாம் மறுபடியும் பேசினார், தாழ்ந்த குரலில்.

"பரவால்லியாம்" என்றார் கோபிநாத். "அவ சொல்லலன்னாலும் நீ சொல்லுன்றாங்க. ஒரே ஒரு தடவ. அவருக்காக. அவங்களுக்காகவும்தான்னு சொல்றாங்க. சொல்லிடும்மா. இவ்ளோ தூரம் வந்திருக்காங்க."

போன் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. சோலை எழுந்து போய் அதை நிறுத்தினாள். கொண்டுவந்து மதாமின் பக்கத்தில், போர்வைமேல் வைத்தாள்.

"மாட்டேன் மதாம்" என்றாள்.

மதாம் கோபிநாத்தைப் பார்த்தார். கோபிநாத் இவளைப் பார்த்தார். பிறகு சமாளிக்கிற சிரிப்போடு பிரெஞ்சில் ஏதோ ஆரம்பித்தார்.

"என்னா சொல்றீங்க சார்?"

"கொஞ்சம் கூச்சப்படுதுன்னு…"

"கூச்சம்னு சொல்லாதீங்க" என்றாள் சோலை, குரலை உயர்த்தாமல். "மாட்டேன்னு மட்டும் சொல்லுங்க."