டாக்டர் உள்ளே வரும் இடம்

கிரண் எழுதும் கொலைகள் எல்லாம் பனி மூடிய ஊர்களில்தான் நடக்கும். அவனுக்குத் தெரிந்த குளிரோ மார்கழியில் ஆரணி பஸ் நிலையத்தில் அடிப்பது மட்டும்தான். அவனுடைய முதல் இரண்டு உளவியல் திகில் கதைகளையும் தயாரிப்பாளர்கள் பாதியிலேயே நிறுத்தி, கொலையாளி யார் என்று சரியாகச் சொல்லிவிட்டு எழுந்து போனார்கள். மூன்றாவதும் அப்படியானால் மாமாவின் பட்டுக்கடையில் உட்காருவதாக அம்மா ஸ்வர்ணலதாவிடம் ஒப்புக்கொண்டிருந்தான்.

மூன்றாவதைக் கேட்கத் தயாரிப்பாளர் ராஜ்குமார், போளூரில் ஒரு கல்யாணத்துக்குப் போகும் வழியில் வந்தார். கார் தெருமுனையிலேயே நின்றுவிட்டது. தெரு நீளத்துக்கும் ஜெயம் வீட்டுப் பாவு. தறியில் ஏற்றும் முன் பட்டு நூலை இப்படி இழுத்துக் கட்டி, இருபக்கமும் அக்கம்பக்கத்தார் நின்று இழை பிரிப்பார்கள். கை நூலில் இருக்கும்போது யாரும் நகர முடியாது. அதனால்தான் கிரண் தன் கதைகளை எப்போதும் பாவு போடும்போது சொல்லிப் பார்ப்பான். இந்தக் கதையும் தெருவுக்கே மனப்பாடம்.

"கொலகாரன் யாருன்னு மட்டும் வாயத் தொறக்காதீங்கண்ணா" என்று, அவர் காரிலிருந்து இறங்கி வருவதற்குள், இழை பிரித்துக்கொண்டிருந்த பச்சையப்பனிடம் கிரண் கெஞ்சினான்.

"நாங்க ஏன்டா சொல்லப் போறோம்?" என்றாள் ஜெயம். "வேற வேல இல்லியா எங்களுக்கு?"

ராஜ்குமார் பாவின் பக்கத்திலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்தார். கிரண் ஆரம்பித்தான். பனி பெய்தது. பிணம் கிடைத்தது. மைத்துனன் வந்தான்.

"இவன் மூஞ்சியே சரியில்ல" என்றார் பச்சையப்பன், உதவியாக.

"இவனாத்தான் இருக்கும்" என்றாள் ஜெயம், இன்னும் உரக்க.

"அப்போ கதவத் தட்டிட்டு டாக்டர் உள்ள வர்றாரு, சார்."

தெரு அடங்கிப்போனது. ஒருவர்கூட இருமவில்லை. அத்தனை தலைகளும் ஒன்றாக நூலின் மேல் குனிந்தன.

ராஜ்குமார் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை பார்த்தார். "ஏம்ப்பா, டாக்டர்தானே?"

கிரணின் கண்முன் மாமாவின் கடை வந்து நின்றது.

"ஏம்மா, நீங்க சொல்லுங்க" என்று அவர் ஜெயத்தின் பக்கம் திரும்பினார்.

"எனக்கு ஒண்ணும் தெரியாதுங்க. நான் இழையப் பாத்துகினு இருந்தேன்."

"டாக்டரா? எந்த டாக்டரு?" என்றார் பச்சையப்பன்.

ராஜ்குமார் தன் முன்கையைத் தடவிப் பார்த்துக்கொண்டார். முடி சிலிர்த்திருந்தது.

"டாக்டரத் தூக்கிப் போடு. இந்தத் தெருவ எழுது. ஒரு கொலை. எல்லாருக்கும் தெரியும், ஒருத்தரும் சொல்ல மாட்டாங்க. நான் எடுக்கிறேன்."

"பனி, சார்?"

"பனி வேணாம். கொன்னது யாரு, அத மட்டும் இப்பவே சொல்லு."

அது கிரணுக்கே தெரியவில்லை. யோசனை கேட்கத் தெருவைத் திரும்பிப் பார்த்தான்.

எல்லோரும் குனிந்து இழை பிரித்துக்கொண்டிருந்தார்கள்.