சிவப்புத் திரையின் இடது பாதி

அருங்காட்சியகத்தின் பராமரிப்பு அறையில் பதினேழு வருஷமாக எச்சில் தொட்டு ஓவியம் துடைப்பவள் பெரியவள். பஞ்சுக் குச்சியை நாக்கில் நனைத்து நகத்தளவு இடத்தில் உருட்டுவாள். பஞ்சு கறுத்ததும் அடுத்த குச்சி. எச்சில் போல் பதமாக அழுக்கெடுக்கும் மருந்து கடையில் கிடையாது.

பக்கத்து நாற்காலியில் அவளுடைய ஓரகத்தி, கொழுந்தன் பெண்டாட்டி சின்னவள். நாலு வருஷம் முன்னால் இந்த வேலைக்குக் கூட்டி வந்ததே பெரியவள்தான். இப்போது, 'சின்னவ கை பூ மாதிரி' என்று அதிகாரி வாய்க்கு வாய் சொல்கிறார். கேட்கக் கேட்க பெரியவளுக்கு வயிறு எரிந்தது.

சுவரகல ஓவியம் ஒன்று வந்தது. நடுவில் ஒரு பெண்ணின் முகம், பின்னால் சிவப்புத் திரை. "ஆளுக்குப் பாதி திரையைத் துடைங்க. நல்லா வர்ற கைக்குத்தான் முகம்" என்றார் அதிகாரி.

"வாய் வறண்டு போச்சுக்கா. கொஞ்சம் எச்சில் குடுங்களேன்" என்று சிரித்தாள் சின்னவள்.

"உனக்குக் குடுத்துக் குடுத்துத்தான் என் வாய் வத்திப் போச்சு."

சின்னவள் சாப்பிடப் போன நேரத்தில் பெரியவள் கரைப்பான் புட்டியைத் திறந்தாள். சிவப்பின் மேல் அதை வைக்கக் கூடாதென்று சின்னவளுக்குச் சொல்லிக் கொடுக்காமல் விட்டவளும் அவள்தான். அவள் பங்கான இடது பாதித் திரை பளீரென்றது. ஆனால் பஞ்சு கறுக்கவில்லை, ரோஜா நிறத்தில் வந்தது. உரிந்து வந்தது ஓவியன் பூசிய மேல்சாயம். கைக்குத் தெரிந்தது, மனசு ஒப்பவில்லை. மடமடவென்று முடித்துவிட்டாள்.

அதிகாரி வந்து பார்த்தார். "அடேயப்பா! முகம் உங்களுக்குத்தான். சின்னவளே, நீயும் இதே அளவுக்குக் கொண்டு வாம்மா."

அவர் போனதும் சின்னவளின் முகம் சுண்டிவிட்டது. பெரியவளுக்கு வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது.

"எச்சில்ல இப்படி வராதே. இதுலயாக்கா துடைச்சீங்க?" சின்னவள் புட்டியை எடுத்துப் பஞ்சை நனைத்தாள்.

அவளும் உரித்துவிட்டால் இரண்டு பாதியும் ஒரே நிறமாகிவிடும். பெரியவள் செய்தது எந்தக் காலத்திலும் யாருக்கும் தெரியாது. பஞ்சு திரைக்கு ஒரு விரல் தூரத்தில் இருந்தது.

"எடு கைய! நான் எடுத்தது அழுக்கில்லடி. சாயம்."

சின்னவள் இடது பாதியை வெகுநேரம் பார்த்தாள். புட்டியை மூடினாள். பெரியவள் எழுந்து கதவுப் பக்கம் போனாள்.

"அதிகாரிகிட்ட சொல்லப் போறீங்களா? நானும் கூட வரட்டுமாக்கா?"

"வேணாம். அந்த முகம் உனக்குத்தான். போய்த் துடை."

பெரியவள் அதிகாரியின் அறைக்குப் போகும் நடையில் தனியாக நடந்தாள். ஒரு வார்த்தை திட்டியிருக்கலாம், பாவி. இதிலும் அவளே நல்லவளாகிவிட்டாள்.