வெள்ளியங்கிரி பிடித்து வந்த மாடு

கிணற்றில் கவலை கட்டித் தண்ணீர் இறைக்க ஜோடி மாடு வேண்டும். ஒன்று செத்து எட்டு நாளாகிவிட்டது. ராகிப் பயிர் வாடிக் கிடந்தது. எனக்கோ முழங்கால் வீங்கி நடக்க முடியவில்லை. வேறு வழியில்லாமல் மகன் வெள்ளியங்கிரியைச் சந்தைக்கு அனுப்பினேன். மேட்டூரில் அணை கட்டும்போது மூன்று வருஷம் கல்வண்டி ஓட்டினவன். "சுழி பாத்துப் புடிடா" என்று பத்து தரம் சொன்னேன்.

சாயங்காலம் மாட்டோடு வந்தான். முதுகைத் தடவிப் பார்த்தேன், மயிர் சுழித்துக் கிடந்தது. பாடைச் சுழி! மாட்டுக்காரனைப் பாடையில் ஏற்றாமல் விடாது என்பார்கள்.

"கண்ணு அவிஞ்சா போச்சு உனக்கு?"

"பாத்துத்தானுங்கப்பா புடிச்சேன். மேட்டூர்ல இந்தச் சுழியோட எத்தனையோ மாடு கல்லு இழுத்துது. ஆரும் சாகல. காலப் பாருங்க, குளம்பப் பாருங்க."

பார்த்தேன். குறை சொல்ல ஒன்றுமில்லை. நான் போயிருந்தால் சுழிக்குப் பயந்து இந்த மாட்டை விட்டுவிட்டுத்தான் வந்திருப்பேன். அதனாலேயே கோபம் இன்னும் ஏறியது. திருப்பிக் கொண்டுபோய் விடச் சொல்லிக் கத்தினேன்.

"பயிரு காயுதுங்கப்பா" என்றான், குரலை உயர்த்தாமல். எங்கள் வம்சத்தில் அப்பனை எதிர்த்துப் பேசின முதல் ஆள் அவன்தான்.

விடிந்ததும் அவனே பூட்டினான். புது மாடு துளி முரண்டு பண்ணவில்லை. சால் சாலாகத் தண்ணீர் வந்து வாய்க்காலில் கொட்டியது. எனக்குப் பெருமை தாங்கவில்லை. கூடவே பயமும்தான். எங்கள் பக்கம் மாட்டை விற்றவன் தன் கயிற்றை அவிழ்த்துக்கொள்வான், வாங்கினவன் புதுக்கயிறு போடுவான். கயிறு போட்டவன்தான் மாட்டுக்காரன். சுழி தேடுவதும் அவனைத்தான். சந்தையில் கயிறு போட்டவன் என் மகன்.

மாட்டை அவிழ்த்துக் கட்டினதும் நான் நொண்டிக்கொண்டே போய், அவன் போட்ட கயிற்றைக் கழற்றிவிட்டு வேறு கயிறு போட்டேன். அவன் முகம் சுண்டிவிட்டது.

"ஏனுங்கப்பா, எம்மேல நம்பிக்கை இல்லீங்களா?"

"உம்மேல இருக்குது சாமி. அந்தச் சுழியத்தான் நம்ப முடியல. எனக்கு அறுவது ஆச்சு, வந்தா எனக்கு வரட்டும்."

அவன் மாட்டின் பக்கம் திரும்பிக்கொண்டான்.

வரப்பில் வந்த பங்காளி சின்னண்ணன் மாட்டின் முதுகைப் பார்த்துவிட்டு அப்படியே நின்றுவிட்டான்.

"ஆரு மாடுங்ணா இது?"

"எம்பட மாடு" என்றேன். பிறகு அக்கம்பக்கத்துக் காட்டுக்கெல்லாம் கேட்கிற மாதிரி, "புடிச்சுட்டு வந்தது எம்பட பையன்!" என்றேன்.