கானுக்கு அந்தப் பக்கம்

கிட்ட வாங்க கண்ணுகளா, ஒட்டி உக்காந்துக்கங்க, வாசப்பக்கம் குளிரு ஏறுது. ஏழாம் நம்பர் மலைக்கு அடியில கெடந்த சேறு பேசின கதையைச் சொல்றேன், யாருகிட்டயும் இதுவரைக்கும் சொல்லாதது, தோட்டத்துல இருந்து பதுளைக்கு பஸ்ஸு போய்ச் சேருற நேரந்தான் ஆகும்...

...கையக் காட்டினது நாந்தானே, வேற யாரு, இந்த வலது கைதான், நாப்பது வருசம் கொழுந்து பறிச்ச கை, அது பாட்டுக்கு எந்திரிச்சு கானுக்கு, மழத்தண்ணி ஓடுற அந்த வாய்க்காலுக்கு, அந்தப் பக்கம் பலாமரத்தடியப் பாத்து நீண்டுச்சு, "அங்கதான் மிஸ், எங்கம்மா சொன்ன எடம்"னு வாயும் கூடவே போச்சு. பொய்யின்னு தெரிஞ்சு சொன்னேனா, சொன்னதுக்கு அப்புறம்தான் தெரிஞ்சுச்சா... பஸ்ஸு வளைவுல சாயுது, கம்பியப் பிடிச்சுக்கிறேன், மக சிவசக்தி எந்தோள்ல தலைய வச்சிருக்கா, தூங்குறான்னு பாத்தா இல்ல, முன் சீட்டு முதுகுல விரலால கோடு போட்டுக்கிட்டு இருக்கா, சதுரம், சதுரத்துக்குள்ள இன்னொரு சதுரம். "அம்மா, அடுப்பக் கெழக்கால வச்சா பொக உள்ள வராதுல்ல?" வராது தாயி, வராது. "அப்ப ஒங்க கட்டிலு இந்தப் பக்கம்." எனக்கு எதுக்குடி கட்டிலு, ரெண்டு சாக்கு போதும்கிறேன், அவ சிரிக்கிறா, அவ சிரிச்சுப் பாத்து எத்தன மாசம் ஆச்சு. போன பெருமழையில நாங்க குடியிருந்த லயத்து வரிசை வீட்டுப் பின்சுவரு வெடிச்சதுல இருந்து எட்டுக் குடும்பம் பிள்ளைக் காம்பராவுக்குள்ள கெடக்குறோம், தொட்டில் கட்டி கைப்புள்ளைங்களப் பாக்குற எடத்துல பெரிய மனுசங்க படுத்திருக்கோம், நடுவுல சீலைய மறைவு கட்டி, ஒரு சீலைக்கு அந்தப் பக்கம் ஒருத்தர் இருமுனா இந்தப் பக்கம் எம்பேரப்புள்ளைங்க ரெண்டும் முழிச்சுக்கும். மருமகன் சின்னராசா கொழும்புல கடையில, மாசத்துக்கு ஒருக்கா வந்தா புருசனும் பொண்டாட்டியும் வெளியில அந்தக் குளுருல நின்னுதான் பேசிக்கணும். ஏழாம் நம்பர் மலையில கட்டப்போற வீட்டுல நாலாம் வீடு சிவசக்திக்குன்னு எழுதியாச்சு, அத்திவாரக் கயிறும் கட்டியாச்சு, அப்பத்தான் மண்ணுப் பரிசோதனைன்னு நிப்பாட்டிட்டாங்க. இன்னிக்கு பதுளையில முடிவு சொல்றாங்க.

"என்ன ஆச்சி, இவ்வளவு சீவிச் சிங்காரிச்சு, டவுன்ல மாப்ள பாக்கவா?" கண்டக்டர் தம்பி சீட்டுக் கிழிக்கிறான். ஒன்னையத்தான்டா பாத்தேன், மூஞ்சி சரியில்ல, வேணாம்னுட்டேன்னு சொன்னதும் பஸ்ஸே சிரிக்குது, நானும் சிரிக்கிறேன். நான் எடத்தக் காட்டின மிஸ்ஸு அந்த நளீரா புள்ள, பதுளை பஜார்ல சாமான்கடை ஜௌபர் நானாவோட மக, கம்பஸ்ல படிச்சு முடிச்சுட்டு மண்ணைப் படிக்கிறா, ரெண்டு மாசத்துக்கு முந்தி முட்டி வரைக்கும் பூட்ஸ் போட்டுக்கிட்டு வந்தா, கையில நீட்டுக் கொழாய், சேத்துக்குள்ள இறக்கி இழுத்து, குழல்பிட்டு தள்ளுற மாதிரி வெளிய தள்ளுறா, கறுப்பு ஒரு சாண், செவப்பு ஒரு சாண், மறுபடி கறுப்பு. இதுல என்ன மிஸ் தெரியும்னு கேட்டேன். "அம்மா, மனுசன் திங்கிறதுல இருக்கிற கொழுப்பு வயித்துக்குள்ள ஒரு மாதிரி மாறும், மாட்டுக்கு வேற மாதிரி மாறும். அது வெளியாகி, மழையில ஓடி, சேத்துல படிஞ்சா நூறு வருசம் ஆனாலும் அழியாது. கடல்ல எண்ணெய் கொட்டினா அது எந்த நாட்டுக் கிணத்து எண்ணெய்ன்டு கண்டுபிடிக்கிறாங்களே, அதுவும் இதே வேலதான், செத்துப்போன உயிருங்களோட கொழுப்பு விட்டுட்டுப் போற அடையாளம்." பக்கத்துல நின்ன, சீலைக்கு அந்தப் பக்கத்துக் குடும்பத்து ஜீவராணி வாயில சீலைய வச்சுக்கிட்டு, "அப்ப பீயப் பாத்து சாதகம் சொல்ல வந்துருக்கீங்க"ன்னா. அந்தப் புள்ள கோவிக்கல, "ஓ அக்கா, அதுதான் எண்ட படிப்பு, எங்க வாப்பா காசு செலவழிச்சது இதுக்குத்தான்"ன்னு அவளும் சிரிச்சா. அப்புறந்தான் மெதுவா எங்கிட்ட வந்தா. "இந்தச் சரிவுல முந்தி ஒரு லயம் புதைஞ்சதா சொல்றாங்க, தோட்டத்துப் புத்தகத்துல ஒண்ணுமே இல்ல. உங்கட அம்மாக்குத் தெரிஞ்சிருந்துச்சுன்டாங்களே, எடத்தக் காட்டுவீங்களா? மனுசத் தடம் இருந்து, திடீர்னு நின்னு, மேல மலைமண்ணு மூடியிருந்துச்சுன்னா, அங்க வீடு கட்ட விடமாட்டாங்க."

புத்தகத்துல எப்படி இருக்கும்... எங்கம்மா கருப்பம்மாவுக்கு அப்ப ஏழு வயசு, விடிஞ்சும் விடியாத மழை, பெரிய ஆளுங்க பூராவும் வேலைக்குப் பேரு கூப்புடுற பெரட்டுக் களத்துல வரிசையா நிக்கிறாங்க, எங்க தாத்தா கம்பளிய மறந்துட்டுப் போயிட்டாரு, அதத் தலையில போட்டுக்கிட்டு எங்கம்மா ஓடுறா, பின்னால மலை தும்முன மாதிரி ஒரு சத்தம், திரும்பிப் பாத்தா பத்துக் காம்பராவும் இல்ல, செம்மண்ணு மட்டும் வழுவழுன்னு, அதுக்கு மேல ஒரு சேவல் நிக்குது. உள்ள அம்மாவோட தம்பி, தங்கச்சி, இன்னும் பதினாறு புள்ளைங்க. பேரு போட்டவங்க எல்லாம் உசுரோட பெரட்டுல நின்னாங்க, செக்ரோல்ல, அந்த வேலைக்காரங்க பேரேட்டுல, பேரு இல்லாத புள்ளைங்க போனத எந்தத் தொர எழுதுவான், மறுநாள் ஆளுங்கள வேற டிவிசனுக்கு மாத்தினதோட சரி. அம்மா சாகுற வரைக்கும் அந்தப் பக்கம் போகும்போது செருப்பக் கழட்டிருவா. கானுக்கு இந்தப் பக்கம். நல்லாக் கேட்டுக்கங்க கண்ணுகளா, இந்தப் பக்கம், நாலாம் வீட்டுக்குக் கயிறு கட்டியிருக்கிற எடம். அந்தப் பக்கம் பலாமரத்துக் குழியில ஒரு காலத்துலயும் ஆள் இருந்ததில்ல, இருந்திருந்தா அம்மா சொல்லியிருப்பா, அதனாலதான காட்டினேன், சேறு ஊமையா இருக்கட்டும், ஒண்ணுமில்லன்னு எழுதட்டும், எம்மக ஒரு அடுப்பு வச்சுக்கட்டும்... செத்தவங்க செத்துட்டாங்க, எண்பத்தஞ்சு வருசத்துக்கு மேல ஆச்சு, மலை மறுபடியும் சரியணும்னு சட்டமா? சட்டமான்னு கேக்குறேன். யாரக் கேக்குறேன்?

பதுளை வந்துருச்சு, எறங்கி நடக்குறோம், மாடிப்படி, பெஞ்சு, மேல காத்தாடி சுத்தாம தொங்குது. உள்ள மண்சரிவு பாக்குற ஐயா சிங்களத்துல என்னமோ பேசிக்கிட்டு இருக்காரு, நளீரா புள்ள கையில படத்தோட வெளிய வர்றா, என்னயப் பாத்ததும் அவ மொகம் மலருது. "அம்மா, உங்கட அம்மா பொய் சொல்லல. நீங்க காட்டின எடத்துல ஆளுங்க இருந்திருக்காங்க." எங்க மிஸ்? "அந்தப் பலாமரத்துக் குழியிலதான். ஒருத்தர் ரெண்டு பேர் இல்ல, கூட்டமா, இருபது வருசத்துக்கு மேல. பொறகு ஒரேயடியா நிக்குது, மேல ஒரு ஆள் உயரத்துக்கு மலைமண்ணு." பலாமரத்துக் குழியிலயா? "ஓ அம்மா. வருசந்தான் கொஞ்சம் இடிக்குது, உங்கட அம்மா காலத்துக்கு நாப்பது வருசம் முந்திக் காட்டுது. ஆறேழு வருசம் தப்பலாம், நாப்பது தப்பாதுன்டு நானும் சொல்லிப் பாத்தேன். ஐயா கேக்கல, கிழவிங்க சொல்ற கதையில வருசம் முன்னப்பின்ன வரும்ன்டுட்டார்." தப்பா? எங்கம்மாவா? ஏழு வயசுல ஓடுன கால் அவளோடது, அவ எப்படித் தப்புவா... அப்ப அது வேற. அது வேற லயம், வேற ஆளுங்க, அவங்களப் பத்தி அழுறதுக்கு ஒருத்திகூட மிஞ்சல, செருப்பக் கழட்ட ஒரு காலு மிஞ்சல, அவங்க வயித்துல இருந்து போனது மட்டுந்தான் மிஞ்சி, இந்தப் புள்ள கையில கோடா வந்து நிக்குது. அந்தப் பக்கம் ஒருதரம். இந்தப் பக்கம் ஒருதரம். ரெண்டு தரம் சரிஞ்ச மலை.

ஐயா சொன்னத நளீரா தமிழ்ல சொல்றா, சொல்லும்போது அவளுக்கே குரல் எறங்குது: புதைஞ்ச எடம் கெடைச்சாச்சு, அது கானுக்கு அந்தப் பக்கம், அந்தப் பக்கம் வீடு இல்ல, இந்தப் பக்கம் தடையில்ல, கட்டலாம். சிவசக்தி ரெண்டு கையாலயும் வாயப் பொத்திக்கிட்டா, கண்ணு ரெண்டும் தண்ணி, "அம்மா, அம்மாச்சிதாம்மா நமக்கு வீட்டக் குடுத்துச்சு, அது சொல்லாட்டி எங்க புதைஞ்சதுன்னு யாருக்குத் தெரியும்"னு என்னயக் கட்டிப்பிடிச்சு உலுக்குறா. அந்த வார்த்தையத் தாங்குற மாதிரி எனக்கு நெஞ்சு இல்ல. நளீரா நகரல. "அம்மா, எனக்கு மனசு சரியில்ல. இந்தப் பக்கமும் ஒரு கொழாய் எறக்கோணும்ன்டு கேட்டேன், நேரமில்லன்டுட்டாங்க. நீங்க ஒரு சொல் சொன்னா நான் எழுதிக் குடுத்து நிப்பாட்டலாம். இந்தப் பக்கம் பத்தி உங்கட அம்மா ஏதாச்சும் சொன்னாங்களா?"

அவ பேனாவத் திறந்துட்டா. சிவசக்தி என்னயப் பாக்குறா, சிரிச்ச மொகம் அப்படியே நிக்குது, என்னத்தக் கேக்குறாங்கன்னே அவளுக்குப் புரியல. சொல்லிருடி பெரியாயி, சொல்லிரு... சொன்னா மறுபடி பிள்ளைக் காம்பரா, சீலை மறைவு, இன்னொரு எடம் எப்பக் குடுப்பான், நான் கண்ண மூடுனப்புறமா? சொல்லாட்டி எம்பேரப்புள்ளைங்க ரெண்டும் எங்கம்மாவோட தம்பி தங்கச்சி மேல படுத்து... "நெனவில்ல மிஸ்"னு ஒரு கொரல் கேட்டுச்சு, எங்கொரல்தான். நளீரா பேனாவ மூடிட்டா. சிவசக்தி வீட்டுக் கடுதாசியில குனிஞ்சு கையெழுத்துப் போடுறா, எழுத்து எழுத்தா, நிதானமா, நான் பக்கத்துல நிக்கிறேன், அப்பத்தான் எனக்கு அது ஒறைச்சுச்சு... பலாமரத்துக் குழியில அத்தன பேரு மண்ணுக்குள்ள போனதப் பாத்தவங்க, களத்துல இருந்தோ தூரத்துல இருந்தோ, அந்த நாளையில யாராவது இருந்திருப்பாங்கதான? நாப்பது வருசத்துக்குள்ள அவங்க எல்லாருமா செத்திருப்பாங்க? அதே மலையில, கானுக்கு இந்தப் பக்கம், எங்க தாத்தாவுக்குக் காம்பரா குடுத்த அன்னிக்கு, அவருக்குப் பக்கத்துல எவளோ ஒரு கிழவி, எல்லாம் தெரிஞ்சவ, நெனவில்லன்னு சொல்லிட்டு நின்னிருப்பாளோ?

இந்த மாசம் நாலாம் வீட்டுக்குக் கூரை போடுறாங்க கண்ணுகளா. மழை இன்னும் எறங்கல. நீங்க நல்லா இருங்க, ஒங்க வீட்டுக்குக் கீழ கெட்டியான பாறை இருக்கட்டும், மேல இருக்கிற மலை தூங்கட்டும், ஒங்க புள்ளைங்க எல்லாம் காலையில கண்ணு முழிக்கட்டும், ஒங்க வீட்டுல வாயத் தெறக்க வேண்டிய நேரத்துல தெறக்குறவ ஒருத்தி இருக்கட்டும்.