அடுத்த வீட்டைப் பற்றி ஒரு கேள்வி

ஆய்வு மாணவிகளாக இருந்த காலத்தில் என் தோழியை எல்லோரும் ‘சராசரி’ என்றுதான் கூப்பிடுவோம். யார் எதைச் சொன்னாலும், “சரி, சராசரி எவ்வளவு?” என்பாள். நான் நேர்மாறு. ஒரு வீட்டுக்குள் போனால் பேச்சுக் கேட்டுக்கொண்டு அங்கேயே உட்கார்ந்துவிடுவேன். எங்கள் இருவரையும் பேராசிரியை ஒரே வேலையில் கோத்துவிட்டார்.

பழைய குடியிருப்பை இடித்து, அங்கிருந்தவர்களைப் புது அடுக்குமாடிகளுக்கு மாற்றியிருந்தார்கள். அக்கம்பக்கத்தாரோடு எப்படிப் பழகுகிறார்கள் என்று வீடு வீடாகக் கேட்க வேண்டும். சில மாதம் கழித்து அதே கேள்விகளோடு மறுபடியும் போக வேண்டும்.

“அடுத்த வீட்டில் இருப்பவர் பெயர் என்ன?” என்ற கேள்வியில் பலரும் தடுமாறினார்கள். மூன்றாம் மாடியில் ஓய்வுபெற்ற பஸ் டிரைவர் ஒருவர் தனியாக இருந்தார். வெகுநேரம் யோசித்துவிட்டு, “தெரியலையேம்மா” என்று தலையைக் குனிந்துகொண்டார்.

இரண்டாம் முறை போனபோது அந்தக் கட்டடமே மாறியிருந்தது. மாடிப்படியில் உட்கார்ந்து ஆட்கள் அரட்டை அடித்துக்கொண்டிருந்தார்கள். டிரைவர் பக்கத்து வீட்டு நர்ஸின் குழந்தையை மடியில் வைத்திருந்தார். அன்று பதில் தெரியாமல் போனது அவருக்கு வெட்கமாகிவிட்டதாம். சாயங்காலமே அடுத்த கதவைத் தட்டியிருக்கிறார். நர்ஸுக்கும் அதே வெட்கம். அவள் மேல்மாடிக்குப் போய்க் கதவைத் தட்டியிருக்கிறாள்.

எனக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். சராசரியின் முகம் தொங்கிப்போயிற்று.

“நாம கேட்டதாலதான்டி பழகியிருக்காங்க. கேக்காம விட்டிருந்தா என்ன ஆகியிருக்கும்னு இனி யாரால சொல்ல முடியும்?”

“ஜனங்க நல்லாத்தானே இருக்காங்க?”

“ஜனங்க நல்லா இருக்காங்க. ஆராய்ச்சிதான் செத்துப்போச்சு.”

பேராசிரியை பொறுமையாகக் கேட்டார். “நீங்க கதவத் தட்டினதும் அங்க நடந்த விஷயம்தானே? அதையும் சேர்த்து எழுதுங்க” என்றார்.

சராசரிக்கு மனம் ஆறவில்லை. பிறகு ஒருநாள் காலையில் வந்து என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள். அதே வளாகத்தில், நாங்கள் கால் வைக்காத இன்னொரு கட்டடம் இருந்தது. அதே பழைய குடியிருப்பிலிருந்து, அதே சமயத்தில் வந்தவர்கள். அங்கே கேட்டோம். பெரும்பாலானவர்களுக்கு அடுத்த வீட்டார் பெயர் தெரியவில்லை. எங்கள் கேள்வி என்ன செய்தது என்பது அப்போதுதான் பளிச்சென்று தெரிந்தது. அவள் எண்களை எழுதினாள். நான் டிரைவரின் வெட்கத்தை எழுதினேன். ஒன்றில்லாமல் மற்றது நிற்காது என்று இருவருமே ஒத்துக்கொண்டோம்.

திரும்பி வரும்போது சட்டென்று நின்றாள். “இவங்களையும் கேட்டுத் தொலைச்சாச்சே” என்றாள். நடுத்தெருவில் இருவரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தோம்.

அவள் இப்போது வேறு ஊரில் பெரிய அதிகாரி. நான் வகுப்பில் ஆய்வு முறைகள் நடத்துகிறேன். அந்த நாட்களில், ஆய்வறிக்கையைக் கொடுத்த அன்று மாலை, கேட்க எதுவுமே இல்லாமல் நாங்கள் டிரைவர் இருந்த கட்டடத்தின் படிக்கட்டில் போய் உட்கார்ந்தோம். யாரோ தேநீர் கொடுத்தார்கள். நர்ஸின் குழந்தை சராசரியின் தோளில் தூங்கிப்போனது. அதை எழுப்ப மனமில்லாமல், இருட்டும் வரை அவள் அசையாமல் இருந்தாள்.